பிரேக்குக்கு முன்னால் ஓர் ஆபத்து

காட்டுக்குப் போவதற்கு முன்பே காட்டில் என்ன நடக்கும் என்று எழுதிவைப்பதுதான் என் வேலை. சாகசப் பயண நிகழ்ச்சிகளுக்கு எழுத்தும் தயாரிப்பும் நான் என்று சொன்னால் கேட்பவர்கள் கண்ணை அகல விரித்து, ‘புலியெல்லாம் பாத்திருப்பீங்களே’ என்பார்கள். புலியை நான் பார்த்ததே இல்லை. புலி பக்கத்தில் இருக்கிற மாதிரி எழுதியிருக்கிறேன், பல தடவை.

அரை மணி நேர நிகழ்ச்சிக்கு நாலு பாகம். முதலில் புறப்பாடு, இரண்டில் ஏற்றம், மூன்றில் உச்சி, நாலாவதில் அருவிக் குளியலும் கொஞ்சம் தத்துவமும். இரண்டாம் பாகம் முடிகிற இடத்தில், விளம்பர பிரேக் வருவதற்குச் சற்று முன்னால், ஓர் ஆபத்து இருந்தே ஆகவேண்டும். இல்லாவிட்டால் ஜனங்கள் வேறு சேனலுக்குத் தாவிவிடுவார்கள். ஸ்கிரிப்டில் அந்த இடத்தில் ஒரு கட்டம் போட்டு, ‘ஆபத்து’ என்று எழுதி, கீழே காலியாக விடுவேன். லொக்கேஷனில் கிடைப்பதை வைத்து நிரப்பிக்கொள்வோம். ஓர் அட்டைப்பூச்சி கடித்தால்கூடப் போதும். பின்னணி இசை போடுகிறவர் அதை மலைப்பாம்பு அளவுக்கு ஊதிவிடுவார்.

இதையெல்லாம் பொய் என்று நாங்கள் யாரும் நினைத்ததில்லை. தொகுப்பாளர் ஓடைத் தண்ணீரை அள்ளிக் குடிப்பதை மூன்று கோணத்தில் எடுக்க மூன்று தடவை குடிப்பார். உச்சிக்கு அவர் முதல் ஆளாக மூச்சு வாங்க வந்து சேரும்போது, கேமராமேன் அங்கே அரை மணி நேரமாக உட்கார்ந்து பிஸ்கட் தின்றுகொண்டிருப்பார். உண்மையாக நடந்ததைக் கேமரா தவறவிட்டால், ‘ஒன் மோர்’ என்று சொல்லி மறுபடி நடக்கவைப்போம். எங்கள் தொழிலில் அதற்கு வெட்கம் கிடையாது.

ஆவடியில் குவார்ட்டர்ஸில் வளர்ந்தவள் நான். அப்பாவுக்குப் பாதுகாப்புத் தொழிற்சாலையில் இன்ஸ்பெக்‌ஷன் பிரிவு. செய்துவருகிற பாகங்களை அளந்து பார்த்து, தேறாததில் சிவப்பு பெயிண்டால் குறி போடுவது அவர் வேலை. வீட்டிலும் கை சும்மா இருக்காது. தோசை ஓரம் தடித்திருந்தால் அம்மாவிடம் தட்டைத் தூக்கிக் காட்டுவார். அம்மா, ‘பெயிண்டு எடுத்துனு வரட்டா?’ என்று கேட்பாள். திருச்சிப் பக்கத்திலிருந்து வந்தவள், அந்த ஒரு கேள்வியை மட்டும் மெட்ராஸ் பாஷையில் கேட்பாள். அப்பா சிரித்துவிட்டுச் சாப்பிடுவார்.

எனக்கு மலை ஏறத் தெரியாது. வடபழனியில் ஒரு ஸ்டுடியோவில் மற்றவர்கள் எடுத்துவந்த காட்சிகளுக்கு வர்ணனை எழுதுகிற ஆளாகச் சேர்ந்தேன். ‘மூடுபனி விலகுகிறது, மலை தன் முகத்தைக் காட்டுகிறது’ என்று எழுதுவது வெயில் கொளுத்தும் மின்சார ரயிலில், இரண்டு கூடைக்காரப் பெண்களுக்கு நடுவே நசுங்கிக்கொண்டு. பிறகு எழுதுகிறவளே வேன் பிடிக்கட்டும், அனுமதி வாங்கட்டும், இட்லி வாங்கட்டும் என்று ஆகி, தயாரிப்பாளர் ஆனேன்.

மலை ஏறத் தெரிந்தவன் என் தம்பி. என்னைவிட நாலு வயது சின்னவன். குவார்ட்டர்ஸ் தண்ணீர்த் தொட்டி மேலே ஏறி, கீழே வரமாட்டேன் என்று அழிச்சாட்டியம் செய்து, அப்பாவிடம் பெல்ட்டால் வாங்கியவன். பாலிடெக்னிக் முடித்ததும் வடக்கே போய் மலையேற்றப் பயிற்சி எடுத்துக்கொண்டு வந்தான். கயிறு கட்டுவது, பாறையில் கொக்கி மாட்டுவது, பயந்துபோன ஆளைத் தட்டிக்கொடுத்து இறக்குவது எல்லாம் கைவந்த கலை. அப்பா அவனுக்கு அப்ரண்டிஸ் வேலைக்கு மனு வாங்கிவைத்திருந்தார். என் யூனிட்டுக்கு வாடா என்று கூப்பிட்டது நான். அப்பாவிடம் பேசி முடித்ததும் நான்தான். ‘நான் பாத்துக்கறேம்பா’ என்றேன். அவர் மனுவை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

அதற்குள் அப்பா ஓய்வுபெற்று, ஆவடிக்குப் பக்கத்திலேயே சேக்காட்டில் வீடு கட்டிக் குடிபோயிருந்தோம். லொக்கேஷனுக்குப் போகிற அன்றைக்கு விடியற்காலையில் வேன் எங்கள் தெருமுனைக்கு வரும். நானும் அவனும் கயிற்று மூட்டைகளோடு ஏறுவோம்.

அந்த நாள், ஆந்திர எல்லையில் ஒரு மலை. ஆவடியிலிருந்து வேனில் மூன்று மணி நேரம். அருவிக்குப் பக்கத்தில் குறுகலான பாறை விளிம்பு. அதைத் தாண்டினால்தான் மேல் குளத்துக்குப் போகமுடியும். தம்பி முதலில் போய்க் கயிறு கட்டுவான், பிறகு தொகுப்பாளர் போவார் என்பது ஏற்பாடு. இடுப்புப் பட்டையில் கயிறு மாட்டிக்கொண்டு பாதி தூரம் போனவன் பாசியில் வழுக்கி, தொபுக்கென்று உட்கார்ந்து, ஒரு முழம் சறுக்கி, கயிறு பிடித்து நின்றான். நாங்கள் எல்லோரும் கத்திவிட்டோம். அவன் அங்கேயே உட்கார்ந்து சிரித்தான். ‘அக்கா, பிரேக்குக்கு முன்னாடி போட்டுக்கோ’ என்று கத்தினான்.

கேமராமேன் அந்த நேரத்தில் மெமரி கார்டு மாற்றிக்கொண்டிருந்தார்.

எனக்கு வந்த எரிச்சல் இன்றைக்கும் நன்றாக நினைவிருக்கிறது. தம்பி விழுந்தானே என்று இல்லை, நல்ல ஷாட் போய்விட்டதே என்று. காலையிலிருந்து அந்தக் கட்டம் காலியாக இருந்தது. வெளிச்சம் போய்க்கொண்டிருந்தது. ‘ஒன் மோர் போலாமாடா?’ என்று கேட்டேன். ‘போலாமே’ என்றான். அவன் மறுபடி விளிம்பின் ஆரம்பத்துக்கு வந்தான். கேமராமேன் கேமரா வழியாகப் பார்த்துவிட்டு, கயிறு விறைப்பாக இருப்பது தெரிகிறது, பிடித்துவைத்த மாதிரி இருக்கிறது என்றார். நான், ‘கொஞ்சம் லூசா வுடுடா’ என்றேன். அவன் கொஞ்சம் விட்டான். ‘இன்னும் கொஞ்சம்’ என்றேன்.

பாதி தூரம் வந்து என்னைப் பார்த்தான். ‘சரி, இப்ப’ என்றேன்.

முதல் தடவை போலவேதான் வழுக்கினான். ஆனால் தளர்ந்திருந்த கயிறு அவனைப் பிடிப்பதற்குள் விளிம்பைத் தாண்டிப் போய், கீழே துருத்திக்கொண்டிருந்த பாறையில் முதுகு அடித்து, அதன் பிறகுதான் தொங்கினான். சத்தமே போடவில்லை. கீழே தூக்கிவர இருட்டிவிட்டது. ஆஸ்பத்திரியில் இருபது நாள் கழித்து, இடுப்புக்குக் கீழே இனி அசைவு வராது என்று சொல்லிவிட்டார்கள்.

அப்பா அம்மாவிடம் நான் சொன்னது, ‘பாசில வழுக்கிட்டான்’ என்பது. வழுக்கினான்தானே. யூனிட்டில் இருந்த ஆறு பேருக்கும் தெரியும். ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. யாரும் யாரிடமும் சொல்லாதே என்று சொல்லவும் இல்லை. அவரவர் அடுத்த வேலைக்குப் போய்விட்டார்கள்.

அந்த எபிசோட் ஒளிபரப்பாகாது என்றுதான் நினைத்தேன். சேனல் கேட்டது. தம்பியிடம் ஆஸ்பத்திரிக் கட்டிலில் வைத்துக் கேட்டேன், கேட்டிருக்கவே கூடாது. ‘போடுக்கா. அதுக்குத்தான வுழுந்தேன்’ என்றான். எடிட் அறையில் உட்கார்ந்து என் குரலை வெட்டினேன். ‘இன்னும் கொஞ்சம்’, ‘சரி, இப்ப’ இரண்டும் போயின. அந்த இடத்தில் அருவிச் சத்தத்தை ஏற்றிவைத்தேன். பிறகு என் தம்பி விழுவதற்கு நானே வர்ணனை எழுதினேன். நன்றாக எழுதியிருந்தேன். இப்போது இதை எழுதலாமா என்று அவனிடம் கேட்டபோது, ‘எழுதுக்கா, ஆனா நல்லா எழுதாத’ என்றான்.

அந்த எபிசோடை ஜனங்கள் பார்த்தார்கள், பார்த்தார்கள், அப்படிப் பார்த்தார்கள். அதுவரை என்னை யார் என்றே தெரியாதவர்கள் கூப்பிட்டு அனுப்பினார்கள். பனிமலைத் தொடர் ஒன்று, ஆற்றுப் பயணம் பற்றி ஆவணப்படம் ஒன்று, பிறகு வெப் தொடர். என் தொழில் அந்தப் பாறையிலிருந்து மேலே ஏறியது. மறைக்க இனி என்ன இருக்கிறது.

அப்பா அழவில்லை. அவர் காரணம் தேடினார். முப்பது வருஷத்துக்கு மேல் பழுதான பாகங்களைப் பார்த்த மனிதர். எதுவும் சும்மா உடையாது, எங்கேயோ ஒரு குறை இருக்கும், அதைக் கண்டுபிடிக்காவிட்டால் அடுத்ததும் உடையும் என்பது அவர் கட்சி. அந்த எபிசோடை டேப்லெட்டில் வேகத்தைக் குறைத்துப் பார்க்கப் பழகிக்கொண்டார். தினமும் காலையில் காபி குடித்துவிட்டு, கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு, மகன் விழுவதைப் பார்ப்பார். ஒரு நோட்டில் எழுதுவார். அம்மா அந்த நேரத்தில் மொட்டை மாடிக்குத் துணி காயப்போடப் போய்விடுவாள், துணி இல்லாவிட்டாலும்.

முதலில் ஷூ. அதே ஷூவை எடுத்துவந்து அடிப்பகுதியை ஸ்கேலால் அளந்தார். தேய்மானம் இல்லை என்று எழுதினார். பிறகு கொக்கி. பிறகு கயிறு. மாடிக் கைப்பிடிச் சுவரிலிருந்து மணல் மூட்டையைக் கட்டித் தொங்கவிட்டு, எடை ஏற்றிப் பார்த்தார். எதிர்வீட்டுக்காரர், ‘இன்னா சார், போர்வெல்லா?’ என்று கேட்டுவிட்டுப் போனார். கயிறு அறுந்துபோகவில்லை. நான் ஷூட்டிங் முடிந்து வீட்டுக்கு வரும்போதெல்லாம் எனக்கும் கேள்வி இருக்கும். பாசி காய்ந்த பாசியா, ஈரப் பாசியா? காற்று எந்தப் பக்கம்? நான் பதில் சொல்வேன். பதில் எல்லாம் உண்மையாகத்தான் இருக்கும்.

சாயங்காலத்தில் தம்பியைச் சக்கர நாற்காலியில் வைத்துப் பருத்திப்பட்டு ஏரிக்குத் தள்ளிக்கொண்டு போவார். ஏரியைச் சுற்றிப் பாதை போட்டபிறகு அது வசதியாகிவிட்டது. இரண்டு பேரும் வாயாடிகள். கட்சி, கிரிக்கெட், எந்தக் கடை பஜ்ஜியில் எண்ணெய் அதிகம் என்று சண்டை போட்டுக்கொண்டே போய், சண்டை போட்டுக்கொண்டே வருவார்கள். குழந்தையில் பெல்ட்டால் அடித்தவர், அவன் படுத்தபிறகுதான் அவனோடு சிநேகிதமானார். வீட்டில் இருந்தால் வாசலில் நின்று அவர்கள் திரும்பி வருவதைப் பார்ப்பேன். அந்த நேரங்களில் பரவாயில்லை, இப்படியே ஓடிவிடும் என்று தோன்றும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, மத்தியானச் சாப்பாட்டுக்கு முன்னால், அப்பா என்னைக் கூப்பிட்டார். தம்பி ஹாலில் டிவி பார்த்துக்கொண்டிருந்தான். டேப்லெட்டை என் பக்கம் திருப்பி, ஓர் இடத்தில் நிறுத்தினார்.

‘ஏம்மா, இங்க பாரு. வழுக்குறதுக்கு முன்னாடி இவன் தலையாட்டுறான்.’

பார்த்தேன். தம்பி கேமராவுக்குச் சற்று வலது பக்கம், அதாவது நான் நின்ற இடத்தை, பார்க்கிறான். தலை லேசாக இறங்கி ஏறுகிறது. என் குரலை வெட்டிய எனக்கு அவன் பதிலை வெட்டத் தோன்றவில்லை. நூறு தடவையாவது அந்த ஷாட்டைப் பார்த்தவள் நான். அதை நான் கவனிக்கவே இல்லை.

‘யாருக்கோ சரின்னு சொல்றான்,’ என்றார் அப்பா. ‘விழப்போறவன் யாருக்கு சரின்னு சொல்வான்?’

கோபமாகக் கேட்கவில்லை. ஓர் அளவு பொருந்தவில்லை, ஏன் என்று கேட்பது போலத்தான் கேட்டார். கண்ணில் வெயில் பட்டிருக்கும் என்று சொல்ல வாய் வரை வந்தது. நின்றேன்.

தம்பி டிவியை நிறுத்தினான். நாற்காலியை எங்கள் பக்கம் திருப்பினான்.

‘நான்தாம்பா,’ என்றான். ‘மொதல்ல ஒருதரம் நெஜமாவே வழுக்குச்சி. கேமராவுல வரல. நான்தான் கேமராமேன்கிட்ட இன்னொருதரம் பண்றேன், எடுங்கன்னேன். கயித்தையும் நான்தான் லூசா வுட்டேன். அக்கா அந்தாண்ட இருந்துச்சி. அதுக்குத் தெரியாது.’

அப்பா அவனையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன்.

‘வேணும்னே விழுந்தியாடா?’ என்று கேட்டார்.

‘ஆமாம்பா.’

‘டிவில வர்றதுக்கா?’

அப்பா நோட்டைத் திறந்து ஏதோ எழுதினார். மூடி, அலமாரியில் துணிகளுக்கு அடியில் வைத்தார். அம்மா சாப்பிடக் கூப்பிட்டாள். எல்லோரும் உட்கார்ந்து சாப்பிட்டோம். அன்றைக்கு மீன் குழம்பு.

அன்று சாயங்காலம் அவர் ஏரிக்குத் தனியாகப் போனார். மறுநாளும் தனியாகத்தான். அப்புறம் போவதையே நிறுத்திவிட்டார்.

தம்பிக்குச் செய்ய வேண்டியதில் ஒன்றையும் விடவில்லை. காலையில் தூக்கி நாற்காலியில் வைப்பார், குளிப்பாட்டுவார், முதுகில் புண் வராமல் இருக்கப் புரட்டிப் படுக்கவைப்பார், பவுடர் போடுவார். ஒரு வார்த்தை பேசமாட்டார். அவன் ஏதாவது கேட்டால் அம்மாவிடம் பதில் சொல்வார். இதைப் பார்க்க முடியாமல் அம்மா நடுவில் புகுந்து தொணதொணவென்று பேசிக்கொண்டே இருப்பாள். என்ன நடந்தது என்று அவளிடம் அப்பாவும் சொல்லவில்லை. நாங்களும் சொல்லவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமைக்கு நாலாம் நாள் எனக்கு இமாசலத்தில் ஷூட்டிங். போனேன். நிம்மதியாகவே போனேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். வருஷக்கணக்கில் கழுத்தில் தொங்கியது இறங்கிவிட்டது. இறக்கி வைத்தவள் நான் இல்லை, அதைச் சுமக்கிறவன் கால் விளங்காமல் உட்கார்ந்திருக்கிறான் என்பது தெரியாமல் இல்லை. தெரிந்தும் நிம்மதியாக இருந்தது. இப்படிப்பட்டவள்தான் நான்.

திரும்பி வந்ததும் சொல்லிவிடுவது என்று ஒவ்வொரு தடவையும் முடிவு செய்வேன். பனியில் உட்கார்ந்து அப்பாவிடம் எப்படிச் சொல்வது என்று ஸ்கிரிப்ட் பேப்பருக்குப் பின்பக்கம் எழுதிக்கூடப் பார்த்தேன். ‘அப்பா, நான்தான் விழச் சொன்னேன்’, அவ்வளவுதான், ஒரே வரி. மற்றவர்கள் ஏறிய மலைக்கெல்லாம் பக்கம் பக்கமாக எழுதியவளுக்கு அது வாயில் வரவில்லை. சேக்காட்டுக்கு வந்து இறங்கினால் ஒரு காரணம் கிடைக்கும். அப்பாவுக்குச் சளி. அம்மாவுக்கு முட்டி வலி. அத்தை வந்திருக்கிறாள். நாளை காலை சொல்லலாம். காலையில் கார் வந்துவிடும். இப்படியே இரண்டு வருஷம் ஓடியது.

போன வருஷம் அப்பாவுக்கு நெஞ்சுவலி வந்து ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். மூன்று நாள் இருந்தார். இரண்டாம் நாள் தெளிவாகப் பேசினார். நான் மட்டும் பக்கத்தில் இருந்தேன். அறையில் வேறு யாரும் இல்லை. அம்மா கஞ்சி எடுத்துவர வீட்டுக்குப் போயிருந்தாள். இதைவிட நல்ல நேரம் எனக்கு இனி கிடைக்காது என்று அப்போதே தெரியும்.

‘அடுத்தது எங்க?’ என்று கேட்டார்.

‘மேகாலயாப்பா. குகை.’

‘பாத்துப் போ. அவன மாதிரி டிவிக்காக ஆடாத. நீயாச்சும் புத்தியோட இரு.’

‘சரிப்பா’ என்றேன்.

மறுநாள் காலையில் போய்விட்டார்.

தம்பியை மயானத்துக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள். நாற்காலியில் உட்கார்ந்தபடியே கொள்ளி வைத்தான். அவன் முகத்தைப் பார்க்கக் கூடாது என்று நான் வீட்டிலேயே நின்றுவிட்டேன். பெண்கள் போவதில்லை என்று சொன்னார்கள். மலை உச்சிக்கெல்லாம் போனவள், அன்றைக்கு அந்த வழக்கத்தைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன்.

பதினாறாம் நாள் காரியம் முடிந்து உறவுக்காரர்கள் எல்லாம் மத்தியான ரயிலைப் பிடிக்கப் போய்விட்டார்கள். அம்மா உள்ளே படுத்திருந்தாள். ஷாமியானாவைப் பிரித்துக்கொண்டிருந்தார்கள். தம்பியும் நானும் வாசலில் இருந்தோம். மொட்டை அடித்திருந்ததில் அவன் சின்னப் பையன் மாதிரி இருந்தான்.

‘நான் அப்பாகிட்ட சொல்லியிருக்கணும்டா’ என்றேன்.

அவன் என்னைத் திட்டுவான், அல்லது வுடுக்கா என்பான் என்று எதிர்பார்த்தேன். அவன் வுடுக்கா என்று சொல்லிப் பழகியவன்.

‘அன்னிக்கு நீ பயந்து நின்ன. அதான் சொன்னேன்’ என்றான். ‘அது ஒரு நாளைக்குதாங்கா. ரெண்டு நாள்ல நீயே சொல்லிடுவேன்னு நெனச்சேன். அப்பால ஊருக்குப் போய்ட்ட. சரி, அக்கா வந்ததும் சொல்லும்னு நெனச்சேன்.’

அவன் மொட்டைத் தலையைத் தடவிக்கொண்டான்.

‘நீ வர்ற அன்னிக்கெல்லாம் அம்மாவாண்ட சொல்லி நல்ல சட்டை மாத்திகினு ஒக்காந்திருப்பேன். இன்னிக்கு அக்கா சொல்லிடும், அப்பா வந்து எங்கூட பேசுவாருன்னு.’

நான் எப்போதும் முதல் நாளே போன் செய்து சொல்லிவிட்டுத்தான் வீட்டுக்கு வருவேன், அந்த இரண்டு வருஷத்தில் ஒரு தடவைகூடச் சொல்லாமல் வந்ததில்லை.